ஒரு சாண் தூரம்

கோட்டின் முதுகுத் தையலைத் தையல்காரன் பிரித்துக்கொண்டிருந்தபோது வாசல் மணி அடித்தது. அவன் எழுந்திருக்கவில்லை. பிளேடு நுனியை நூலுக்கு அடியில் கொடுத்து, துணியில் கீறல் விழாமல் ஒவ்வொரு தையலாக அறுத்தபடியே இருந்தான். மாமனாரின் கோட்டு அது. ஆற்றுப் பாலத்தில் வேலை பார்த்த காலத்தில் அவருக்குக் கொடுத்த கருநீலக் கோட்டு. கடந்த ஒரு வருடத்தில் அதற்குள் இருந்த ஆள் பாதியாகக் கரைந்துபோயிருந்தார். அப்படியே போட்டுவிட்டால் யாரிடமோ இரவல் வாங்கி மாட்டி அனுப்பியது போல இருக்கும். முதுகிலும் பக்கங்களிலும் பிடித்துத் தைத்தாக வேண்டும். மதியத்துக்குள் வண்டி வந்துவிடும்.

"மாப்பிள்ளை! மணி அடிக்குது. காது கேக்கலையா, இல்ல காதையும் சேத்துத் தைச்சுக்கிட்டீங்களா?"

அடுப்படியிலிருந்து அத்தையின் குரல். செத்துப்போனவரின் தங்கை. காலை முதல் படகில் வந்து இறங்கியவள், வந்த கையோடு அழுது முடித்து, அழுத கையோடு அடுப்பையும் பற்றவைத்துவிட்டாள்.

"கேக்குது அத்தை. கையில வேலை."

"உங்க கையில என்னைக்குத்தான் வேலை இல்லாம இருந்திருக்கு" என்று துண்டில் கையைத் துடைத்தபடி அவளே போய்க் கதவைத் திறந்தாள்.

தோல் பை ஒன்றைத் தோளில் மாட்டிக்கொண்டு ஒரு பெண் நின்றிருந்தாள். மூக்கு சிவந்திருந்தது.

"பாலத்தார் வீடு இதானே? பதிவு நிலையத்துலேர்ந்து வர்றேன். சிமிழ் விஷயமா."

"இதான். உள்ள வாம்மா. முதல்ல சூடா ஏதாவது குடி. உன்னைப் பாத்தா அடுத்த சிமிழை உனக்குத்தான் வைக்கணும் போல இருக்கு."

சிமிழ்க்காரி சிரிக்கப்போய்த் தும்மினாள். தையல்காரன் கையிலிருந்த பிளேடு துணியை லேசாகத் தொட்டுவிட்டு நின்றது.

அந்த ஊரில், இன்றோ நாளையோ என்று வைத்தியர் ஒருவரைப் பற்றிச் சொல்லிவிட்டால் வீட்டுக்குச் சிமிழ் வந்துவிடும். எலுமிச்சம்பழ அளவில் ஒரு பித்தளைச் சிமிழ். உள்ளே தலைமுடியை விட மெல்லிய நூல் சுற்றியிருக்கும். மலைக் குகைகளில் இருட்டிலேயே வாழும் ஏதோ பூச்சி கட்டுகிற நூல் என்பார்கள். மூடியைத் திறந்து தலைமாட்டில் வைத்தால், தலைக்குள் ஓடும் எண்ணங்கள் அந்த நூலில் ஏறும். எண்ணம் ஓடினால்தான் நூல் நகரும். மனம் சும்மா கிடந்தால் நூலும் சும்மா கிடக்கும். நூல் தீர்ந்ததும் மூடி 'டொக்' என்று தானாகச் சாத்திக்கொள்ளும். அதன் பிறகு ஒரே ஒருவர், ஒரே ஒரு முறை கேட்கலாம். காதுக்குப் பின்னால் எலும்பில் அழுத்திப் பிடித்துச் சாவியைத் திருப்பினால் நூல் ஓடும், ஓட ஓடத் தூளாகிவிடும். குரல் எதுவும் கேட்காது. தானே நினைப்பது போல அந்த எண்ணங்கள் மனதுக்குள் வந்துபோகும், அவ்வளவுதான்.

யார் கேட்பது என்பதிலும் ஒரு முறை உண்டு. உயிர் பிரிகிற நேரத்தில் பக்கத்தில் இருந்தவர் கேட்பதில்லை. அவருக்குத்தான் முகத்தைப் பார்க்கக் கிடைத்ததே. வந்து சேர முடியாமல் போனவர்தான் கேட்க வேண்டும். இந்த வீட்டில் அது தையல்காரனின் மனைவி. நேற்றுச் சாயங்காலம் ஆள் போய்ச் சொன்னபோது அவள் படகுத்துறைக் கூண்டுக்குள் உட்கார்ந்து சீட்டுக் கொடுத்துக்கொண்டிருந்தாள். மாற்று ஆள் வந்து, கூண்டின் சாவி கைமாறி, அவள் சந்துக்குள் ஓடி வரும்போது அப்பாவின் கை விறைக்கத் தொடங்கியிருந்தது.

சிமிழைக் கொண்டுவந்து வைத்த அன்று பதிவு நிலையத்து ஆள் ஒரே ஒரு எச்சரிக்கைதான் சொல்லிவிட்டுப் போனார். ஒரு சாண் தூரத்துக்குள் இன்னொரு தலை வரக் கூடாது.

நேற்று மதியம் தையல்காரனின் தலை வந்துவிட்டது.

கட்டிலுக்குப் பக்கத்தில் ஒரு மர நாற்காலி கிடந்தது. அதில்தான் அவன் இந்த ஒரு வருடமாக உட்கார்ந்திருந்தான். முதுகுச் சட்டத்தில் ஒரு ஆணி கொஞ்சம் வெளியே வந்திருந்தது. நேராகச் சாய்ந்தால் முதுகெலும்புக்கு வலப்பக்கம் குத்தும். சுத்தியலால் இரண்டு தட்டுத் தட்டினால் உள்ளே போய்விடும். ஆனால் பாலத்தாருக்குக் கடைசிக் காலத்தில் சத்தம் ஆகாமல் போயிருந்தது. ஒரு கரண்டி கீழே விழுந்தால்கூடப் படுக்கையிலேயே துள்ளி, வெகுநேரம் நடுங்குவார். தையல் மிஷினையே அவர் நன்றாகத் தூங்கும்போது, கதவைச் சாத்திவிட்டு, கையால் சக்கரத்தைப் பிடித்துப் பிடித்துத்தான் ஓட்டினான். நாற்காலியை வெளியே தூக்கிப்போய் அடித்துவிட்டு வரலாம் என்று பல தடவை நினைத்ததுண்டு. எழுந்து போனால் கூப்பிடுவார். கூப்பிட்டால் வர வேண்டும். அதற்கு ஒரு பக்கமாகச் சாய்ந்து உட்கார்வதே சுலபமாக இருந்தது. இதை அவன் யாரிடமும் சொன்னதில்லை. சொல்வதற்கு அதில் என்ன இருக்கிறது?

நேற்று மதியம் முதுகு ஒரு பக்கமாகவும் சாய மறுத்துவிட்டது. கட்டில் விளிம்பில் ஒரு நிமிடம் தலையை வைத்தால் போதும் என்று குனிந்தான். 'டொக்' என்ற சத்தத்தில் கண் விழித்தபோது அவன் கன்னம் மாமனாரின் தலையணையில் இருந்தது. நெற்றிக்கு நேர் எதிரே சிமிழ். பித்தளையில் அவன் மூச்சு பட்டுப் படிந்திருந்தது. படுக்கையில் மாமனார் அப்படியே, வாய் லேசாகத் திறந்தபடி மூச்சு விட்டுக்கொண்டு கிடந்தார். காலையில் திறந்த மூடி வழியாகப் பார்த்தபோது எண்ணம் ஏறாத நூல் கிட்டத்தட்ட முழுச் சுற்றாக இருந்தது. இப்போது அதில் ஒரு இழைகூட மிச்சமில்லை.

அரைத் தூக்கத்தில் நினைத்தது மறந்துபோகும் என்பார்கள். அவனுக்கு ஒன்றுவிடாமல் ஞாபகம் இருந்தது. பள்ளிச் சீருடைச் சட்டைகள் ஒரு மூட்டை மூலையில் கிடக்கின்றன, வெள்ளிக்கிழமை கொடுக்க வேண்டும். வெள்ளை நூல் தீரப்போகிறது. காஜா ஒன்றுகூட எடுக்கவில்லை. அந்த ஆணி. அவளாவது இன்றைக்குக் கொஞ்சம் சீக்கிரம் வரக் கூடாதா. அப்புறம் அது வந்தது. இன்னைக்கே முடிஞ்சுட்டாத் தேவலை. இன்னைக்கு முடிஞ்சா நாளைக்கு அடக்கம். நாளான்னைக்கு உக்காந்தா வெள்ளிக்கிழமைக்குள்ள சட்டையை முடிச்சுடலாம்.

கோபத்தில் நினைத்திருந்தாலாவது பரவாயில்லை. துணியை வெட்டுவதற்கு முன்னால் அளவு பார்ப்பது போல, நிதானமாக நினைத்திருந்தான். அவர் அன்றைக்கே போயும் சேர்ந்தார்.

இன்று விடிந்ததும் அவரைக் குளிப்பாட்டினார்கள். மனைவி துண்டு எடுக்கப் போன நேரத்தில் அவன் சிமிழைக் கையில் எடுத்தான். காலடியில் வாளி நிறையத் தண்ணீர். ஈரம் பட்டால் நூல் செத்துவிடும் என்று ஊரில் எல்லாருக்கும் தெரியும். கை தவறி விழுந்துவிட்டது என்று சொன்னால் அவள் நம்புவாள். அவன் கைகள் எத்தனை நாள் தூங்காத கைகள் என்று அவளுக்குத் தெரியும். சிமிழை வாளிக்கு மேலே பிடித்துக்கொண்டு நின்றான். பிறகு அது இருந்த இடத்திலேயே வைத்துவிட்டான். அப்பாவிடமிருந்து அவளுக்கு வரப்போவது இது ஒன்றுதான். அதற்குள் அவர் துளியாவது இருந்தால்?

இப்போது சிமிழ்க்காரி தையல் மிஷினுக்குப் பக்கத்து ஸ்டூலில் உட்கார்ந்து, டீயை ஊதி ஊதிக் குடித்தாள். அத்தை அடுப்படிக்குத் திரும்பியிருந்தாள். தையல்காரன் கோட்டைப் புதிய அளவில் மடித்து ஊசிகள் குத்தினான்.

"ஒரு சந்தேகம்மா" என்றான், குண்டூசி வாயில் இருந்ததால் பாதிதான் வெளியே வந்தது. ஊசியை எடுத்துவிட்டுத் திரும்பக் கேட்டான். "சிமிழ் பக்கத்துல வேற தலை வந்துட்டா என்ன ஆகும்?"

"எவ்வளவு பக்கத்துல?"

"சும்மாதான் கேக்கறேன்."

"எல்லாரும் சும்மாதான் கேக்கறாங்க." அவள் மூக்கை உறிஞ்சினாள். "எந்தத் தலை அதிகமா ஓடுதோ அதுதான் நூல்ல ஏறும். படுத்திருக்கிறவங்க தலை மெதுவா ஓடும்ங்க. பக்கத்துல உக்காந்து பாத்துக்கறாங்களே, அவங்க தலைதான் சந்தைக்கடை."

"கேக்கறவங்களுக்குத் தெரிஞ்சுடுமா?"

"குரல் இருந்தால்ல தெரியறதுக்கு? என்ன நினைச்சிருக்காங்கன்னு பாத்துத்தான் யாருன்னு கண்டுபிடிக்கணும்."

"கண்டுபிடிச்சுட்டா?"

சிமிழ்க்காரி டம்ளரைக் கீழே வைத்தாள். அவன் முகத்தைப் பார்க்காமல் பையைத் திறந்து சாவியைத் தேடினாள். "அது என் வேலையில சேராதுங்க. நூலை ஓட விட்டுட்டு, காலிச் சிமிழை எடுத்துக்கிட்டுப் போறதுதான் என் வேலை."

அவன் மிஷின் சக்கரத்தை முழு வேகத்தில் சுழற்றினான். இவ்வளவு சத்தமாக அது ஓடி எவ்வளவோ நாள் ஆகியிருந்தது. அவனுக்கே கொஞ்சம் தூக்கிவாரிப் போட்டது.

கோட்டை எடுத்துக்கொண்டு உள் அறைக்குப் போனான். மனைவி கட்டில் விளிம்பில் உட்கார்ந்து அப்பாவின் நகங்களைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"வெட்டிவிட்டிருக்கீங்க" என்றாள்.

"ஞாயித்துக்கிழமை."

இருவருமாக அவரைத் தூக்கி, ஒரு கையை நுழைத்து, முதுகுக்கு அடியில் கோட்டை இழுத்து, மறு கையை நுழைத்தார்கள். இந்த ஒரு வருடத்தில் இதே மாதிரி எத்தனை தடவை அவரை அப்படியும் இப்படியும் புரட்டியிருப்பார்கள்! உயிரோடு இருந்தபோது 'மெதுவா, மெதுவா' என்பார். இப்போதும் மெதுவாகத்தான் செய்தார்கள்.

"மேல் பட்டன் போடட்டுமா?"

"வேண்டாம். கழுத்து இறுகினா அவருக்கு ஆகாது."

"ஆமால்ல" என்று அவள் கையை எடுத்துக்கொண்டாள். வெளியே யாரோ சைக்கிள் மணியை அடித்துக்கொண்டு போனார்கள்.

"நேத்து மத்தியானம்" என்று தையல்காரன் ஆரம்பித்தான். "நான் கொஞ்சம் கண்ணசந்துட்டேன்."

"அசராம இருக்க நீங்க என்ன இரும்பா?"

"அதில்லை. இங்கயே... தலையணைமேலயே..."

"நான் மட்டும் என்ன? கூண்டுக்குள்ள உக்காந்த இடத்துலயே தூங்கிட்டேன். ஒருத்தர் ரெண்டு சீட்டு கேட்டார். நான் பாட்டுக்குக் கிழிச்சுக்கிட்டே இருந்திருக்கேன், ஒரு முழம் போயிடுச்சு. 'அம்மா, நான் ஊரையே கூட்டிக்கிட்டுப் போகலை, பொண்டாட்டியோட மட்டும்தான் போறேன்'ங்கிறார்."

அவளுக்குச் சிரிப்பு வந்தது. அவனுக்கும் வந்தது. சிரித்துக்கொண்டிருக்கும்போதே அவள் முகம் மாறிவிட்டது.

"வரிசையில நின்னவங்கல்லாம் சிரிச்சாங்க. நானும் சிரிச்சேன். அந்நேரம் அப்பா இங்க என்ன நினைச்சுக்கிட்டு இருந்தாரோ." கோட்டின் மடிப்பை நீவிவிட்டாள். "அது ஒண்ணு தெரிஞ்சாப் போதுங்க எனக்கு. வேற எதுவும் வேண்டாம்."

தையல்காரன் வாயைத் திறந்தான். 'பாப்பா, தயாரா?' என்று கதவருகே அத்தை வந்து நின்றாள், பின்னால் சிமிழ்க்காரி. அத்தை வராமல் இருந்திருந்தாலும் தான் சொல்லியிருக்க மாட்டோம் என்று அவனுக்குத் தெரிந்தது.

சிமிழ்க்காரி சாவியைப் பொருத்தி, சிமிழை மனைவியின் காதுக்குப் பின்னால் வைத்துக் காட்டினாள். "கண்ணை மூடிக்குங்க. நடுவுல எடுத்துடாதீங்க, எடுத்தா மிச்சம் போயிடும். வர்றது நல்லதோ கெட்டதோ, கடைசி வரைக்கும் விட்டுடுங்க." எல்லாரும் வெளியே வந்தார்கள். கதவு சாத்தப்பட்டது.

முன் அறையில் தையல்காரன் மூட்டையிலிருந்து ஒரு சட்டையை உருவிப் பட்டன் வைத்துத் தைக்க ஆரம்பித்தான்.

"செத்த வீட்டுல உக்காந்து யாராவது பள்ளிக்கூடச் சட்டை தைப்பாங்களா?" என்றாள் அத்தை. பிறகு அவன் முகத்தைப் பார்த்துவிட்டுக் குரலைத் தணித்துக்கொண்டாள். "தைங்க, தைங்க. என் அண்ணன் ஒண்ணும் கோவிச்சுக்க மாட்டான். ஆமா, அது என்ன உக்கார்ற தினுசு? ஒரே பக்கமாச் சாய்ஞ்சுக்கிட்டு, சரக்கு ஏத்தின படகு மாதிரி."

"பழகிடுச்சு அத்தை."

சாய்வதற்குப் பின்னால் ஒன்றுமே இல்லாத ஸ்டூலில்கூடத் தான் கோணலாகத்தான் உட்கார்ந்திருக்கிறோம் என்று அப்போதுதான் கவனித்தான். நேராக உட்கார்ந்து பார்த்தான். வலித்தது. பழையபடியே சாய்ந்துகொண்டான்.

கதவுக்கு அந்தப் பக்கம் சத்தமே இல்லை. இப்போது காஜா ஓடிக்கொண்டிருக்கும். இப்போது வெள்ளை நூல். இப்போது, அவள் ஏன் சீக்கிரம் வரவில்லை என்ற நினைப்பு. அதற்கு அடுத்தது. ஒரே வீட்டில் ஒரே படுக்கையில் இத்தனை வருடம் இருந்தும் அவள் இதுவரை பார்க்காத ஓர் இடத்துக்குள் இப்போது நடந்துகொண்டிருக்கிறாள். அங்கே பெருக்கி வைக்கக்கூட அவனுக்கு நேரம் கிடைக்கவில்லை. ஊசி விரலில் ஏறியது. ரத்தம் சட்டையில் படாமல் விரலை வாயில் வைத்துக்கொண்டான்.

கதவு திறந்தது.

அவள் தோளில் சாம்பல் நிறத்தில் நூல் தூள் படிந்திருந்தது. காலிச் சிமிழைச் சிமிழ்க்காரியிடம் கொடுத்தாள். சிமிழ்க்காரி அதைத் துணியில் சுற்றிப் பைக்குள் வைத்துக்கொண்டு, யாரிடமும் சொல்லாமல், ஒரு தும்மலை அடக்கியபடி வெளியேறினாள்.

"என்ன பாப்பா?" அத்தை எழுந்துவிட்டாள். "என்ன நினைச்சான்? அண்ணியை நினைச்சானா? வலியில துடிச்சானா? சொல்லேன்."

அவள் தையல்காரனையே பார்த்தாள். கோபமா என்று கண்டுபிடிக்க அவனால் தலையை நிமிர்த்த முடியவில்லை. சட்டையின் பட்டனில் இருந்த நான்கு ஓட்டைகளையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"நீங்க சொல்லுங்க" என்றாள் அவள்.

"நானா?"

"நீங்கதானே கூட இருந்தீங்க. சொல்லுங்க, அத்தை கேக்கறாங்கல்ல."

நேற்றிலிருந்தே மாமனாரின் கடைசி நேரத்தைச் சொல்ல வாயெடுத்தபோதெல்லாம் சிமிழ் குறுக்கே வந்து நின்றிருந்தது. இப்போது அது வீட்டில் இல்லை.

"சாயங்காலம் கண்ணைத் திறந்தார்" என்றான். "ஜன்னல் பக்கம் பாத்தார். 'எல்லாப் படகும் போயிடுச்சா?'ன்னு கேட்டார். எனக்கு முதல்ல புரியலை. அப்புறம், 'போயிடுச்சு மாமா'ன்னேன். 'நல்லாப் பாத்தியா?'ன்னார். என்னைப் பாலத்துல கூட வேலை பாத்த யாரோன்னு நினைச்சுட்டார் போல. ஜன்னல்ல பக்கத்து வீட்டுச் சுவர்தான் தெரியும். இருந்தாலும் எழுந்துபோய்ப் பாத்தேன். 'ஒண்ணும் இல்லை, ஆறு காலி'ன்னேன். 'அப்ப இறக்கிடுவோம்'னார்."

பாலத்தை மேலே தூக்கிப் படகுகளை விட்டுவிட்டு, மறுபடி கீழே இறக்குவதுதான் அவர் ஆயுள் முழுக்கச் செய்த வேலை.

"கையைத் தூக்கினார். அந்த இரும்புப் பிடி இருக்குமில்ல, அதை அமுக்கற மாதிரி. மெதுவா இறக்கினார். பாதி இறங்கினதும் கை நின்னுடுச்சு. கீழ வரைக்கும் நான் பிடிச்சு இறக்கினேன். அவ்வளவுதான்."

அத்தை துண்டை வாயில் பொத்திக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். "கடைசி வரைக்கும் டியூட்டி பாத்திருக்கான் பாரேன்" என்று அழுதாள். அழுகை கொஞ்சம் அடங்கியதும் நிமிர்ந்தாள். "நூல்லயும் அதுதானா பாப்பா?"

"அதேதான் அத்தை."

"வலி?"

"வலியெல்லாம் இல்லை." அவள் சுவரில் சாய்ந்துகொண்டாள். "தூக்கம்தான். ரொம்ப நாளாத் தூங்காத மாதிரி, அப்படி ஒரு தூக்கம் வந்துச்சு அவருக்கு."

தையல்காரன் நூலைப் பல்லால் கடித்து அறுத்தான்.

மதியம் வண்டி வந்தது. வண்டிக்குள் பெட்டிக்கு ஒரு பக்கத்தில் அவனும் அத்தையும், எதிர்ப் பக்கத்தில் மனைவி. அவள் ஜன்னல் வழியாக வெளியே பார்த்துக்கொண்டிருந்தாள். வண்டி பாலத்தின் மேல் ஏறியபோது ஓட்டுநர் தானாகவே வேகத்தைக் குறைத்தார். கீழே ஒரு படகும் இல்லை.

"கோட்டு நல்லாப் பொருந்திச்சு" என்றாள் மனைவி, திரும்பாமலே.

"தோள் மட்டும் கொஞ்சம் தொங்குச்சு."

"யாருக்கும் தெரியாது."

பாலம் முடிந்து, தொழிற்சாலைச் சுவர்கள் வந்து, அவையும் முடிந்தன. அவள் இன்னும் வெளியேதான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"சட்டையெல்லாம் வெள்ளிக்கிழமைதானே குடுக்கணும்?"

அவன் அவளிடம் வெள்ளிக்கிழமையைப் பற்றிப் பேசியதே இல்லை. அந்த மூட்டையில் என்ன இருக்கிறது என்றுகூடச் சொன்னதில்லை.

"ஆமா" என்றான்.

"ம்" என்றாள்.

மண் போடும்போது அவன் ஒரு பக்கம் நின்றான், அவள் ஒரு பக்கம் நின்றாள். வந்தவர்கள் இருவரிடமும் தனித்தனியே வந்து சொல்ல வேண்டியதைச் சொல்லிவிட்டுப் போனார்கள். திரும்பும் வழியில் அவள் கண்ணை மூடிக்கொண்டாள். தூங்கினாளா, தூங்குவது போல இருந்தாளா என்று அவனுக்குத் தெரியவில்லை.

அத்தையின் படகு வெயில் தாழ்ந்து கிளம்புவதாக இருந்தது. பையைத் தூக்கிக்கொண்டு அவன்தான் துறைவரை கூடப் போனான். மனைவி வீட்டிலேயே இருந்துகொண்டாள். துறையில் அத்தை அவன் கையைப் பிடித்துக்கொண்டு, "நீங்க செஞ்சதைப் பெத்த பிள்ளை செய்ய மாட்டான் மாப்பிள்ளை" என்றாள். சாதாரணமாக இருந்தால் கூச்சமாக இருந்திருக்கும். இன்று அந்த வார்த்தை வேறு யாருக்கோ போக வேண்டியது போல இருந்தது. "ஏறுங்க அத்தை, கூட்டம் வந்துடும்" என்றான். படகு நகர்ந்த பிறகும் நின்றுகொண்டிருந்தான். வீட்டுக்குப் போக மனம் வரவில்லை. போகாமல் எங்கே போவது? கடையில் வெள்ளை நூல் வாங்கிக்கொண்டு நடந்தான். முதுகு விண்விண் என்று தெறித்தது.

சந்துக்குள் நுழையும்போது வீட்டிலிருந்து ஒரு சத்தம் கேட்டது. டொக். சற்று விட்டு இன்னொன்று. டொக். அவன் அப்படியே நின்றுவிட்டான். அந்த வீட்டிலிருந்து அப்படி ஒரு சத்தம் எழுந்தால் ஓடிப்போய்த் தோளை அமுக்கிப் பிடித்துக்கொள்ள வேண்டும் என்று உடம்பு பழகியிருந்தது. ஓர் அடி வேகமாக எடுத்துவைத்த பிறகுதான் பிடித்துக்கொள்ள அங்கே யாருமில்லை என்பது நினைவுக்கு வந்தது.

கதவு திறந்தே இருந்தது. முன் அறையில் சீருடைச் சட்டைகளில் சில பிரிக்கப்பட்டு மிஷின் மேல் அடுக்கியிருந்தன. மேலே இருந்த சட்டையில் இரண்டு பட்டன்கள் வைத்துத் தைத்திருந்தது. ஒன்று கோணலாக இருந்தது. ஊசியே பிடிக்கத் தெரியாத கை தைத்தது.

உள் அறைக்குப் போனான். படுக்கை விரிப்பு உருவப்பட்டு, கட்டில் வெறும் பலகையாகக் கிடந்தது. நாற்காலி அதன் இடத்திலேயே இருந்தது. காலடியில் அவனுடைய சின்னச் சுத்தியல். எங்கே வைத்திருந்தோம் என்று அவனே மறந்துபோன சுத்தியல்.

"வந்துட்டீங்களா?" என்று அடுப்படியிலிருந்து கேட்டாள். குரல் கட்டியிருந்தது.

"ம்."

"டீ போடறேன்."

அவன் நாற்காலியில் உட்கார்ந்தான். பழக்கத்தில் ஒரு பக்கமாகச் சாய்ந்தான். சற்றுப் பொறுத்து, இன்னொருவரின் நாற்காலியில் உட்கார்ந்தது போலத் தயங்கித் தயங்கி, முதுகை நேராக்கி, ஆணி இருந்த சட்டத்தில் வைத்தான்.

அடுப்படியில் ஏதோ ஒரு பாத்திரம் கை நழுவி விழுந்து, தரையில் வட்டமடித்துச் சுழன்று, நிதானமாக அடங்கியது. யாரும் திடுக்கிடவில்லை.